பத்திரிகையாசிரியர் வர்கீஸ்

அரசாங்கம் செய்வது இன்னது என்று மக்கள் அறிதல் வேண்டும். மக்கள் எண்ணுவது இன்னது என்று அரசாங்கம் அறிதல் வேண்டும். குடியாட்சி செம்மையாக நடைபெறுவதற்கு இவ்விரண்டும் இன்றியமையாதவை. இப்பணியைச் செய்வோருள் இரு திறத்தார் முதன்மையானவர். ஒருவர் பத்திரிகையாசிரியர், அவர் மக்கள் பக்கம் நின்று அரசாங்கத்தை நோக்கி வினவுகிறார். மற்றொருவர் அரசாங்கத்தின் செய்தி ஆலோசகர். அவர் அரசாங்கத்தின் பக்கம் நின்று மக்களுக்கு விடை கூறுகிறார். வினவுவோரும் விடை கூறுவோரும் எதிரெதிரே அமர்ந்திருப்பவர். ஒரே மனிதர் இவ்விரண்டு இருக்கைகளிலும் மாறி மாறி அமர நேர்ந்தால் அவர் எவருக்குக் கடமைப்பட்டவர்? பதவி தந்தவருக்கா? பத்திரிகையின் உரிமையாளருக்கா? படிக்கும் மக்களுக்கா? இவ்வினாவிற்கு விடையாக அமைந்தது ஜார்ஜ் வர்கீஸ் என்னும் பெரியாரின் வாழ்க்கை. பி. ஜி. வர்கீஸ் என்பது அவர் எழுத்துலகில் வழங்கிய பெயர்.

இளமையும் கல்வியும்

வர்கீஸ் 1927-ஆம் ஆண்டு ஜூன் மாதம் 21-ஆம் நாள் பர்மாவிலுள்ள மேமியோ என்னும் மலையூரிற் பிறந்தார். அவர்தம் குடும்பம் கேரள நாட்டைச் சேர்ந்தது. டேராடூன் நகரிலுள்ள டூன் பள்ளியிலும், டில்லியிலுள்ள தூய ஸ்டீபன் கல்லூரியிலும், பின்னர் இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக் கழகத்தின் டிரினிட்டி கல்லூரியிலும் அவர் பயின்றார். உயர்ந்த கல்வி பெற்ற இளைஞர் பலர் அந்நாளில் அரசாங்க உத்தியோகத்தை நாடினர். வர்கீஸ் 'டைம்ஸ் ஆஃப் இந்தியா' என்னும் ஆங்கில நாளிதழிற் சேர்ந்தார்.

நாடு விடுதலை பெற்றுச் சில ஆண்டுகளே ஆகியிருந்த காலம் அது. ஐந்தாண்டுத் திட்டங்கள் தொடங்கின. ஆறுகளின் குறுக்கே அணைகள் எழுந்தன. காடாய்க் கிடந்த இடங்களில் உருக்காலைகள் தோன்றின. தலைநகரில் அமர்ந்து அமைச்சர்களின் பேச்சை மட்டும் எழுதி அனுப்புதல் செய்தியாளர் சிலருக்குப் போதுமானதாயிருந்தது. வர்கீஸுக்கு அது போதவில்லை. திட்டங்கள் நடைபெறும் இடங்களுக்கு நேரிற் சென்றார். பொறியாளர்களோடும் உழவர்களோடும் உரையாடினார். கண்டதைக் கண்டவாறு எழுதினார். ஓர் அணையைப் பற்றி எழுதினால், அதன் உயரத்தைச் சொல்வதோடு நில்லார். அந்நீர் எவ்வூர் வயலுக்குப் பாய்கிறது, எவருடைய நிலம் நீரில் மூழ்குகிறது என்றும் கேட்டறிவார். இவ்வாறு நாடெங்கும் சுற்றி எழுதிய கட்டுரைகள் பின்னர் நூல் வடிவும் பெற்றன.

ஆளற்ற நகரம்

1962-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் சீனப் படைகள் நம் வடகிழக்கு எல்லையைத் தாக்கின. நவம்பர் மாதம் நடுவில் பொம்டிலா என்னும் மலையூர் வீழ்ந்தது. அதற்குக் கீழே, சமவெளியில், பிரம்மபுத்திரா நதியின் வடகரையில் உள்ளது தேஜ்பூர் நகரம். பகைவர் வருகின்றனர் என்ற அச்சத்தால் நகர மக்கள் ஆற்றைக் கடந்து தென்கரைக்கு ஓடினர். அதிகாரிகளும் அகன்றனர். செய்தியாளருள்ளும் பலர் வெளியேறினர். வர்கீஸும் அவரைப் போன்ற மிகச் சிலருமே அங்குத் தங்கினர்.

அவர்கள் கண்ட காட்சி மறத்தற்கரியது. பகைவர் கையிற் சேராதிருக்கும் பொருட்டு வங்கியில் இருந்த பண நோட்டுக்களுக்குத் தீ வைத்திருந்தனர். கருகிய துண்டுகள் காற்றிற் பறந்தன. மனநோய் மருத்துவமனையிலிருந்து விடுவிக்கப்பட்ட நோயாளர் சிலர், செல்லுமிடம் அறியாது வெறிச்சோடிய தெருக்களில் திரிந்தனர்.

நள்ளிரவில் அவர்களிடமிருந்த சிறிய டிரான்சிஸ்டர் வானொலிப் பெட்டி ஒரு செய்தியைத் தந்தது. சீனா தானாகவே போரை நிறுத்துவதாகப் பீகிங் வானொலி அறிவித்தது! மறுநாட் காலையில் உலகெங்கும் அச்செய்தி பரவியது. நம் நாட்டு வானொலியோ, வீரர்கள் இன்னும் போரிட்டுக்கொண்டிருப்பதாகவே கூறிக்கொண்டிருந்தது. இதனை வர்கீஸே பிற்காலத்தில் எழுதியுள்ளார். தம் நாட்டில் நிகழ்வதைத் தம் நாட்டு வானொலியால் அறிய இயலாமல், போர் தொடுத்தவனுடைய வானொலியால் அறியும் நிலை ஒரு மக்களுக்கு வருமாயின், அதைவிட இரங்கத்தக்கது வேறு யாது? அரசாங்கத்தின் சொல் காலம் தாழ்ந்து வருமாயின், அது உண்மையாயினும் மக்கள் அதனை நம்பார். தேஜ்பூரில் நேரிற் கண்ட இவ்வுண்மையை, பின்னாளில் அரசாங்கத்தின் செய்தித் துறையோடு தொடர்பு கொண்டபோதெல்லாம் வர்கீஸ் சந்திக்க வேண்டியிருந்தது.

செய்தி ஆலோசகர்

1966-ஆம் ஆண்டு ஜனவரி மாதத்தில் இந்திரா காந்தி அம்மையார் பிரதமர் ஆனார். அவ்வாண்டில் வர்கீஸ் பிரதமரின் செய்தி ஆலோசகராக அமர்த்தப்பட்டார். அப்பதவியின் தன்மையை ஈண்டு அறிந்துகொள்ளுதல் நன்று.

அரசாங்கத்தின் அறிவிப்புக்களைப் பத்திரிகைகளுக்கு வழங்குவதற்கெனப் பத்திரிகைச் செய்தி நிலையம் ஒன்று பல ஆண்டுகளாகவே இருந்து வருகிறது. எல்லாத் துறைகளின் செய்திகளும் அதன் வழியே வெளிவரும். செய்தி ஆலோசகரோ, பிரதமரின் அருகில் இருப்பவர். நாள்தோறும் வரும் பத்திரிகைகளைப் படித்து, அவற்றின் கருத்துக்களைத் தொகுத்துச் சொல்லுதல், செய்தியாளர் கூட்டங்களுக்கு ஆவன செய்தல், சொற்பொழிவுகளை எழுதுவதில் துணை புரிதல், ஒரு முடிவை மக்களுக்கு எப்பொழுது, எவ்வாறு விளக்க வேண்டும் என்று கூறுதல் ஆகியவை இத்தகைய பதவியில் இருப்போரின் பணிகள். இவையெல்லாம் வெளியே தெரிபவை. வெளியே தெரியாத பணி ஒன்றும் உண்டு. மக்களின் மனக்குறையை மறையாது எடுத்துரைப்பதே அது. ஆட்சியாளரைச் சூழ்ந்திருப்போர் பலர் அவர் செவிக்கு இனியவற்றையே சொல்வர். இடித்துரைக்கும் பெரியோரைத் துணையாகக் கொள்ளாத மன்னன், கெடுப்பார் ஒருவரும் இல்லாவிடினும் தானே கெடுவான் என்பது வள்ளுவர் வாக்கின் கருத்து. பத்திரிகையில் பழகிய ஒருவரை இப்பதவிக்கு அழைப்பதன் பயன், அவர் இவ்வாறு இடித்துரைக்கத் துணிவாராயின்தான் கைகூடும்.

வர்கீஸ் இப்பதவியேற்ற காலம் எளிதானதன்று. மழை பொய்த்தமையால் பீகாரிலும் பிற பகுதிகளிலும் கடும் பஞ்சம் தோன்றியது. உண்பதற்கான கோதுமை அமெரிக்காவிலிருந்து கப்பல்களில் வந்துகொண்டிருந்தது. 1966 ஜூன் 6-ஆம் நாள் ரூபாயின் மதிப்புக் குறைக்கப்பட்டது. அதுவரை 4 ரூபாய் 76 காசுக்குச் சமமாயிருந்த ஒரு டாலர், 7 ரூபாய் 50 காசுக்குச் சமமாயிற்று. இதன் காரணத்தைப் பாமர மக்களுக்கு விளக்குதல் அரிது. விளக்காமல் விடுதல் அதனினும் தீது. 1967-ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் ஆளுங்கட்சி, சென்னை மாநிலம் உட்படப் பல மாநிலங்களில் ஆட்சியை இழந்தது. இத்தகைய காலத்தில் மூன்றாண்டுகள் வர்கீஸ் பிரதமரின் அருகில் இருந்து பணியாற்றினார். அரசாங்கத்தில் ஒரு முடிவு எவ்வாறு உருவாகிறது, கோப்பு எவ்வாறு நகர்கிறது, உண்மை எவ்விடத்தில் தடைப்படுகிறது என்பவற்றை உள்ளிருந்தே காணும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது.

மீண்டும் எழுதுகோல்

1969-ஆம் ஆண்டில் அவர் அப்பதவியை விட்டு, டில்லியிலிருந்து வெளிவரும் 'இந்துஸ்தான் டைம்ஸ்' நாளிதழின் ஆசிரியரானார். தலைநகரின் பத்திரிகைகளில் அரசியல்வாதிகளின் பெயர்களே நிறைந்திருத்தல் வழக்கம். வர்கீஸ் புதியதோர் முயற்சியைத் தொடங்கினார். டில்லிக்கு அருகில், அரியானா மாநிலத்தில், சத்தேரா என்னும் சிற்றூர் ஒன்று உள்ளது. அவ்வூரைத் தம் பத்திரிகையின் ஊராகக் கொண்டார். செய்தியாளர்கள் முறையாக அங்குச் சென்று, அவ்வூரின் அன்றாட வாழ்வை எழுதி வந்தனர். 'நம் ஊர் சத்தேரா' என்னும் பொருள்பட அப்பகுதிக்குப் பெயர் வைக்கப்பட்டது.

"ஒரு சிற்றூரில் என்ன செய்தி இருக்கும்?" என்று எவரும் கேட்கலாம். கொலையும் கொள்ளையும் நிகழ்ந்தாலன்றிச் சிற்றூர்களின் பெயர் பத்திரிகையில் ஏறுவதில்லை. ஆனால், விதைநெல்லின் விலையும், கிணற்றின் ஆழமும், பிள்ளைகள் பள்ளிக்குச் செல்லாமையின் காரணமும் கோடிக்கணக்கான மக்களின் வாழ்வைத் தீர்மானிப்பவை. ஓர் ஊரைத் தொடர்ந்து உற்று நோக்கினால், திட்டங்கள் ஏட்டில் இருக்கும் வடிவும் நாட்டில் இருக்கும் வடிவும் வேறுபடுவதைக் காணலாம். தலைநகரில் காலையில் தேநீர் அருந்திக்கொண்டே பத்திரிகை படிக்கும் அதிகாரிக்கு, அவர் கையொப்பமிட்ட ஆணை சத்தேராவிற் சென்று சேர்ந்ததா என்பதை அப்பகுதி உணர்த்தியது. ஆளும் இடத்தை உள்ளிருந்து கண்டவர், ஆளப்படும் இடத்திற்கு வாசகரை அழைத்துச் சென்றார்.

இத்தகைய ஆக்க நெறிப் பத்திரிகைப் பணிக்காக 1975-ஆம் ஆண்டில் அவருக்கு மகசேசே விருது அளிக்கப்பட்டது. பிலிப்பைன்ஸ் நாட்டுக் குடியரசுத் தலைவராயிருந்து மறைந்த ரமோன் மகசேசேயின் பெயரால் வழங்கப்படும் விருது இது. முந்தைய ஆண்டில் நம் இசையரசி எம். எஸ். சுப்புலட்சுமி அம்மையார் பெற்றதும் இவ்விருதே.

சோதனை

வர்கீஸ் ஆலோசகராய் இருந்தபோது பிரதமராய் இருந்தவர் இந்திரா காந்தி அம்மையார். அவர் ஆசிரியராய் இருந்தபோதும் பிரதமர் அவரே. பண்டு தாம் பணிபுரிந்த தலைவரின் அரசாங்கத்தை இப்பொழுது தாமே ஆராய்ந்து எழுத வேண்டும். பழகிய நட்புக் கண்ணை மறைக்கலாம். அல்லது, "அவருடைய ஆளாய் இருந்தவர்தாமே!" என்று பிறர் கூறுவரோ என அஞ்சி, வேண்டுமென்றே குறை காணும் எண்ணமும் தோன்றலாம். இரண்டும் தவறு. இவற்றுக்கு இடையே நடத்தல் கத்தியின் கூர்முனை மீது நடத்தல் போன்றது.

சோதனை 1974-ஆம் ஆண்டில் வந்தது. இமயமலைச் சாரலில் உள்ள சிக்கிம் அப்பொழுது சோக்யால் என்னும் அரசரின் ஆட்சியில் இருந்தது. 1950-ஆம் ஆண்டு உடன்படிக்கையின்படி அதன் பாதுகாப்பும் அயல்நாட்டு உறவும் இந்தியாவின் பொறுப்பில் இருந்தன. 1973-இல் அரசருக்கு எதிராக அங்கு மக்கள் கிளர்ச்சி எழுந்தது. 1974-இல் சிக்கிமை இந்தியாவோடு இணைந்த மாநிலமாக்குவதற்கு அரசியலமைப்பைத் திருத்த இந்திய அரசாங்கம் முற்பட்டது. எல்லையின் பாதுகாப்புக் கருதிப் பெரும்பாலான பத்திரிகைகள் இதனை வரவேற்றன. வர்கீஸ் மாறுபட்டார். சிக்கிம் மக்களின் விருப்பம் ஐயத்திற்கு இடமின்றி வெளிப்படாத நிலையில் இவ்வாறு விரைதல் தகாது எனத் தலையங்கம் எழுதினார். எனினும் திருத்தம் நிறைவேறியது. பின்னர் 1975-ஆம் ஆண்டு மே மாதம் சிக்கிம் இந்தியாவின் 22-ஆவது மாநிலமாயிற்று.

அவர் கூறிய கருத்துச் சரியா, அன்றா என்பதில் அறிஞரிடையே வேறுபாடு இருக்கலாம். நாம் நோக்க வேண்டுவது, தமக்கு இழப்பு நேரும் என்று அறிந்தும் தம் மனச்சான்று கூறியதை அவர் எழுதினார் என்பதையே. இழப்பு விரைவில் நேர்ந்தது. ஆசிரியர் பதவியிலிருந்து அவரை விலக்கப் பத்திரிகையின் நிருவாகம் முனைந்தது. அரசாங்கத்தைக் கண்டித்து எழுதியமையே இதற்குக் காரணம் என்று பலரும் கருதினர். பத்திரிகையாளர் சிலர் இதனைப் பத்திரிகைக் கவுன்சிலின் முன் முறையிட்டனர். வழக்கு டில்லி உயர் நீதிமன்றத்திற்கும் சென்றது. ஆசிரியரின் உரிமை எதுவரை, உரிமையாளரின் அதிகாரம் எதுவரை என்னும் பெரிய வினா நாட்டின் முன் எழுந்தது.

1975 ஜூன் 25-ஆம் நாள் நாட்டில் நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டது. தணிக்கையாளர் பார்த்து இசைந்த பின்னரே செய்திகள் அச்சேறின. அவ்வாண்டிலேயே வர்கீஸ் பதவியை இழந்தார். அவர் வழக்கை விசாரித்த பத்திரிகைக் கவுன்சிலும் 1976-ஆம் ஆண்டுத் தொடக்கத்தோடு கலைக்கப்பட்டது. பின்னர் 1978-ஆம் ஆண்டுச் சட்டத்தாலேயே அது மீண்டும் உயிர்பெற்றது. வெளிநாடு விருது தந்த அதே ஆண்டில், தம் நாட்டில் அவர் வேலையற்றவரானார்!

பின்னைய பணிகள்

நெருக்கடி நிலை முடியுங்காலத்தில், 1977-ஆம் ஆண்டில் பொதுத் தேர்தல் நடைபெற்றது. கேரளத்தில் மாவேலிக்கரைத் தொகுதியில் வர்கீஸ் போட்டியிட்டுத் தோல்வியுற்றார். அத்தேர்தலில் நடுவணரசு மாறியது. வானொலியும் தொலைக்காட்சியும் ஆளுங்கட்சியின் ஊதுகுழலாக ஆகாதிருக்க வழி காணுமாறு புதிய அரசாங்கம் ஒரு குழுவை அமைத்து, வர்கீஸை அதன் தலைவராக்கியது. தேஜ்பூரில் நள்ளிரவில் வானொலிப் பெட்டியின் அருகில் அமர்ந்திருந்தவருக்கு இதனினும் பொருத்தமான பணி வேறொன்று இருக்க முடியாது.

1978-ஆம் ஆண்டில் குழு தன் அறிக்கையை அளித்தது. 'ஆகாஷ் பாரதி' என்னும் பெயரில், அரசாங்கத்தின் நேரடி ஆளுகைக்கு உட்படாத தேசிய ஒலிபரப்பு அறக்காப்பு நிறுவனம் ஒன்றை அமைக்க வேண்டும் என்று அது பரிந்துரைத்தது. பரிந்துரை உடனே நிறைவேறவில்லை. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 1990-இல் பிரசார் பாரதிச் சட்டம் இயற்றப்பட்டது. 1997-இல் அந்நிறுவனம் செயற்படத் தொடங்கியது. குழு கேட்ட அளவு உரிமை அதற்குக் கிடைக்கவில்லை. ஆயினும், மக்களின் வரிப்பணத்தில் நடக்கும் வானொலி மக்களுக்கே உரியது என்னும் கொள்கை நாட்டில் வேரூன்ற அவ்வறிக்கை பெரிதும் துணைசெய்தது.

1982 முதல் 1986 வரை வர்கீஸ் 'இந்தியன் எக்ஸ்பிரஸ்' நாளிதழின் ஆசிரியராய் இருந்தார். பின்னர் டில்லியிலுள்ள கொள்கை ஆராய்ச்சி நிலையத்தில் இருந்துகொண்டு, இமயத்து ஆறுகளின் நீர்வளத்தைப் பற்றியும் வடகிழக்கு மாநிலங்களைப் பற்றியும் விரிவான நூல்கள் இயற்றினார். 1999-ஆம் ஆண்டுக் கார்கில் போருக்குப் பின், அதன் காரணங்களை ஆராய அமைக்கப்பட்ட குழுவில் ஓர் உறுப்பினராய் இருந்தார். 2001-இல் சிறிது காலம் பாதுகாப்பு அமைச்சரின் செய்தி ஆலோசகராயும் பணிபுரிந்தார்.

அவருடைய முடிவுகள் எல்லாம் யாவராலும் ஏற்கப்பட்டவை அல்ல. பெரிய அணைகளை அவர் ஆதரித்தமையை, அவற்றால் நிலமிழந்தோருக்காகப் போராடியவர்கள் கண்டித்தனர். 1991-இல் காஷ்மீரத்தின் நிலை பற்றிப் பத்திரிகைக் கவுன்சிலின் சார்பில் அவர் பங்கு கொண்ட குழு தந்த அறிக்கை, படையினரின் பக்கமே சாய்ந்தது என்றும் குறை கூறப்பட்டது. அரசாங்கத்தை நெருங்கி அறிந்தவர்களுக்கு இத்தகைய ஐயம் என்றும் நிழல்போல் தொடரும். ஆதலின் அவர்கள் பிறரினும் மிகுதியான விழிப்போடு இருத்தல் வேண்டும்.

2014-ஆம் ஆண்டு டிசம்பர் 30-ஆம் நாள் வர்கீஸ் தம் 87-ஆம் வயதில் இவ்வுலக வாழ்வை நீத்தார்.

முடிவுரை

வர்கீஸுக்குப் பின்னும் பத்திரிகையாசிரியர் பலர் பிரதமர்களின் செய்தி ஆலோசகர்களாய் இருந்துள்ளனர். எச். கே. துவா, சஞ்சய பாரு முதலியோர் அவ்வாறு பணியாற்றியவர்களே. எழுதுகோல் ஏந்தியவர் அரசாங்கத்திற்கு ஆலோசனை கூறச் செல்வது பிழையன்று. அறிவுடையோர் அறிவு நாட்டிற்குப் பயன்படத்தான் வேண்டும். அங்குச் சென்றவர் உண்மையை வாயிலிலேயே விட்டுச் சென்றால்தான் பிழை. திரும்பி வந்தவர், தாம் உண்ட உப்பை எண்ணி எழுதுகோலை மடக்கி வைத்தாலும் பிழை.

மாணவர்களே! வர்கீஸ் அமர்ந்த இருக்கைகள் பல. அவற்றுள் சில அவருக்கு அளிக்கப்பட்டன. ஒன்று அவரிடமிருந்து பறிக்கப்பட்டது. பதவியில் அமர்ந்தபோது மக்களை மறவாமையும், பதவியை இழக்க நேர்ந்தபோது கருத்தை மாற்றாமையும் ஆகிய இரண்டுமே அவர் வாழ்க்கை நமக்குத் தரும் பாடம். நாளை உங்களுள் சிலர் செய்தித்தாளில் எழுதலாம். சிலர் அரசாங்கப் பணியில் அமரலாம். எவ்விடத்தில் இருந்தாலும், "இச்செய்தி உண்மையா? இது உரியவர்க்கு உரிய காலத்தில் சென்று சேர்ந்ததா?" என்று கேட்டுக்கொள்ளுங்கள். அரசாங்கமும் மக்களும் ஒருவரையொருவர் நம்பி வாழ்வதற்கு அக்கேள்வியே அடிப்படை.